ஜாலான் அம்பாஸும் ஒளிப்பதிவாளர் தொழிலும்



சென்ற பள்ளி விடுமுறை தொடங்குவதற்கு இரண்டு நாள் முன்பு, எங்கள் தோட்டத்தில் செம்பனைக்கு மருந்தடிக்கும் வேலை பார்க்கும் ஓர் அம்மா என் வீட்டு வாசலுக்கு வந்தார். அவர் கணவர் தவறி இரண்டு ஆண்டாகிறது. மூத்த மகன் என்னிடம் ஆறாம் ஆண்டுவரை படித்தவன். இப்போது ஐந்தாம் பாரம் முடித்திருக்கிறான்.

"சார், கேமரா படிக்கப் போறேன்னு ஒத்தக் கால்ல நிக்கிறான். கல்யாண வீட்டுல படம் புடிக்கிறாங்களே, அந்த வேலையா சார்? அதுக்கும் ஒரு படிப்பா? அவங்க அப்பா சேமநிதிப் பணம் கொஞ்சம் இருக்கு. அத எடுத்துக் கட்டுன்னு சொல்றான். கட்டலாமா?"

நான் உடனே பதில் சொல்லவில்லை. தெரிந்தால்தானே சொல்வதற்கு! "சிங்கப்பூருக்குத் தங்கச்சி வீட்டுக்குப் போறேன்மா, வந்து சொல்றேன்" என்று அனுப்பிவிட்டேன். அங்கே நான் கண்டதும், அதற்குப் பிறகு படித்துத் தெரிந்துகொண்டதும்தான் இன்றைய பேச்சு.

என் தங்கை குடியிருப்பது ஃபேரர் பார்க் வட்டாரத்தில். இன்று அங்கே ரயில் நிலையமும் மருத்துவமனையும் அடுக்குமாடி வீடுகளுமாக இருக்கின்றன. ஒரு காலத்தில் அது குதிரைப் பந்தயத் திடல். 1911-ஆம் ஆண்டு சிங்கப்பூரில் முதன்முதலாக ஆகாய விமானம் பறந்ததும் அந்தத் திடலிலிருந்துதான். 1942 பிப்ரவரியில் பிரிட்டிஷ் படை சரணடைந்த பிறகு இந்தியச் சிப்பாய்கள் பல்லாயிரம் பேரை ஜப்பானியர் வரிசையாக உட்கார வைத்ததும் அதே இடம். நம் தாத்தாமார்கள் சிலருக்கு அந்தக் கதை நேரில் தெரியும்.

அந்தத் திடலுக்குப் பக்கத்திலேயே 1923-இல் 'நியூ வோர்ல்டு' என்ற பொழுதுபோக்குப் பூங்கா திறக்கப்பட்டது. ராட்டினம், குத்துச்சண்டை, சினிமாக் கொட்டகை, நடனக் கூடம், எல்லாவற்றுக்கும் மேலாக 'பங்சாவான்' என்னும் மலாய் மேடை நாடகம். பூங்கா இப்போது இல்லை. அதன் வாயில் வளைவை மட்டும் வைத்துக்கொண்டு அங்காடிக் கட்டடம் எழுப்பியிருக்கிறார்கள். இந்தப் பூங்காவில் பிறகு பங்கு வாங்கியவர்கள் சீனாவிலிருந்து வந்து சினிமாக் கொட்டகை நடத்திய ஷா சகோதரர்கள். கொட்டகை அவர்களுடையது, பூங்காவும் அவர்களுடையது. பங்சாவான் மேடையில் பாடவும் ஆடவும் தெரிந்த நடிகர்கள் கண்ணெதிரே இருந்தார்கள். இல்லாதது ஒன்றுதான்: படம் எடுக்கத் தெரிந்த கை.

அந்தக் கைகள் எங்கிருந்து வந்தன என்பதைப் பார்க்க, ஒரு காலை நேரம் தங்கையின் வீட்டிலிருந்து நடந்தே கிளம்பினேன். சிராங்கூன் சாலையில் பெருமாள் கோயிலைத் தாண்டி, வடபத்திர காளியம்மன் கோயிலையும் தாண்டினால் ஒரு பெரிய சந்திப்பு வரும். அங்கே இடப்பக்கம் திரும்பினால் பாலஸ்டியர் சாலை. 1830-களில் அமெரிக்கத் தூதராக இருந்த ஜோசப் பாலஸ்டியர் அந்த வட்டாரத்தில் கரும்புத் தோட்டம் போட்டார். ஏறக்குறைய ஆயிரம் ஏக்கர். தோட்டம் நொடித்துப்போயிற்று, பெயர் மட்டும் நின்றது. அந்தச் சாலையிலிருந்து பிரியும் ஒரு சிறு சந்துக்கு ஜாலான் அம்பாஸ் என்று பெயர். 'அம்பாஸ்' என்றால் மலாயில் சக்கை என்று உங்களுக்கே தெரியும். பழைய தோட்டக்காட்டு மண்ணில்தான், அந்தச் சந்தில், மலாய்த் திரைப்படத் தொழில் வளர்ந்தது. எட்டாம் எண் வளாகத்தில் பழைய கட்டடங்கள் இன்னும் நிற்கின்றன. உள்ளே போக வழியில்லை. வெளியே நின்று பார்த்துவிட்டு வந்தேன்.

யுத்தம் முடிந்து, 1947-இல் ஷா சகோதரர்கள் 'மலாய் ஃபிலிம் புரொடக்‌ஷன்ஸ்' என்ற நிறுவனத்தை அங்கே முறையாகத் தொடங்கினார்கள். அந்த ஆண்டு வெளிவந்த படம் 'சிங்காபூரா டி வக்து மாலாம்'. இயக்கியவர் பி. எஸ். ராஜான்ஸ் என்ற இந்தியர். யுத்தத்துக்கு முன்பே, 1930-களில், 'லைலா மஜ்னூன்' என்ற மலாய்ப் படத்தை எடுத்தவரும் அவரே. அவரைத் தொடர்ந்து இந்தியாவிலிருந்து இயக்குநர்கள் பலர் வந்தார்கள்: பி. என். ராவ், எஸ். ராமநாதன், கே. எம். பாஸ்கர், கல்கத்தாவிலிருந்து பணி மஜும்தார். நம்மவர் ஒருவரையும் சொல்ல வேண்டும். எல். கிருஷ்ணன், 1922-இல் சென்னையில் பிறந்து, சிறு வயதிலேயே பினாங்குக்கு வந்து வளர்ந்தவர். பி. ரம்லியை முதன்முதலாகக் கதாநாயகனாக்கிய 'பக்தி' படத்தை 1950-இல் இயக்கியவர் அவர்தான். தொலைக்காட்சியில் ரம்லி படம் வந்தால் வேலையை விட்டுவிட்டு உட்காருகிறோமே, அந்த ரம்லிக்கு முதல் பெரிய வேடம் கொடுத்தவர் ஒரு தமிழர்.

இயக்குநர்கள் மட்டுமா வந்தார்கள்? கேமராவைப் பிடிப்பவர், ஒலிப்பதிவு செய்பவர், படத்தைத் துண்டு வெட்டி ஒட்டுபவர் என்று கைவேலைக்காரர்களும் வந்தார்கள். மலாய் சரியாக வராத இயக்குநர்களுக்கு உள்ளூர் உதவியாளர்கள் வசனத்தை மலாயில் அமைத்துக் கொடுத்தார்கள். ஆனால் கேமராவுக்கு மொழி வேண்டியதில்லை. விளக்கை எங்கே வைப்பது என்பதைக் கையால் காட்டினால் போதும். அதனால்தான் அந்தத் தொழில் ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கைக்கு விரைவாக மாறியது என்று எனக்குத் தோன்றுகிறது.

இனி, ஒளிப்பதிவாளர் என்பவர் என்னதான் செய்கிறார் என்று பார்ப்போம். அந்த அம்மா கேட்ட கேள்வியும் அதுதானே.

பால்வெட்டு நடந்த காலத்தில் நம் பெரியவர்கள் தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு விடியுமுன் மரத்தடியில் நிற்பார்கள். அந்த வெளிச்சம் உளி ஓடும் பட்டையை மட்டும் காட்டும். பின்னாலிருக்கும் மர வரிசையெல்லாம் இருட்டு. அதே மரத்தடியில் பத்து மணிக்குப் பால் எடுக்கப் போனால், இலைக்கு நடுவே வெயில் திட்டுத் திட்டாக விழுந்திருக்கும். நம் கண் இரண்டையும் சமாளித்துக்கொள்ளும். வெயிலையும் பார்க்கும், நிழலில் நிற்பவர் முகத்தையும் பார்க்கும். படச்சுருளுக்கு அந்தச் சாமர்த்தியம் கிடையாது. முகத்துக்கு அளவு வைத்தால் வெயில் திட்டு வெள்ளையாக வெந்துபோகும். வெயிலுக்கு அளவு வைத்தால் முகம் கரியாகிவிடும். அந்த இரண்டுக்கும் நடுவே ஒரு வழி கண்டுபிடிப்பதுதான் ஒளிப்பதிவாளரின் வேலை. வெள்ளிக் காகிதம் ஒட்டிய பலகையைப் பிடித்து வெயிலை முகத்தின்மேல் திருப்புவார். துணியை விரித்துக் கட்டி வெயிலின் கடுமையைத் தணிப்பார். விளக்கை வைப்பார், பல நேரங்களில் வைத்த விளக்கை எடுத்துவிடுவார். பின்னது கடினம்.

அக்காலத்துப் படங்கள் பெரும்பாலும் கறுப்பு வெள்ளை. அதில் இன்னொரு தொல்லை உண்டு. சிவப்புச் சேலையும் பச்சை ரவிக்கையும் நேரில் எவ்வளவு எடுப்பாக இருந்தாலும், சுருளில் இரண்டும் ஒரே சாம்பல் நிறமாக விழுந்துவிடலாம். ஆகவே ஒளிப்பதிவாளர் வண்ணத்தைப் பார்க்கும்போதே அது எந்த அளவுச் சாம்பலாக மாறும் என்று மனத்தில் கணக்குப் போட வேண்டும். கேமராவுக்கு முன்னால் சிவப்புக் கண்ணாடி ஒன்றைப் போட்டால் நீல வானம் கறுத்துவிடும். பட்டப்பகலில் எடுத்த காட்சி இரவாகத் தோன்றும். சென்னையில் மார்க்கஸ் பார்ட்லி என்பவர் நிலவொளியை உண்டாக்குவதில் பேர்போனவர். 1957-இல் வந்த 'மாயா பஜார்' பார்த்தவர்களுக்கு அந்த நிலா நினைவிருக்கும்.

செலவையும் சொல்லிவிடுகிறேன். சுருளில் ஓரடிக்குப் பதினாறு சிறு படங்கள். ஒரு விநாடிக்கு இருபத்து நான்கு படங்கள் ஓட வேண்டும். அப்படியானால் ஒரு நிமிடத்துக்குத் தொண்ணூறு அடி! ஆயிரம் அடிச் சுருள் பதினொரு நிமிடத்தில் தீர்ந்துபோகும். நடிகர் வசனத்தை மறந்தால் திரும்பச் சொல்லலாம். ஓடிய சுருள் திரும்ப வராது. எடுத்தது சரியா தப்பா என்பதும் சுருளைக் கழுவிய பிறகுதான் தெரியும். அதுவரை ஒளிப்பதிவாளருக்கு வயிற்றில் நெருப்புதான்.

அந்த இடத்துக்கு ஒருவர் எப்படி வந்து சேர்ந்தார்? படித்துப் பட்டம் வாங்க அன்று இங்கே பள்ளிக்கூடம் ஏது? முதலில் பெட்டி தூக்க வேண்டும். பிறகு சுருளை இருட்டறையில் தடவிப் பார்த்தே பெட்டிக்குள் ஏற்றக் கற்றுக்கொள்ள வேண்டும். பிறகு நடிகருக்கும் கேமராவுக்கும் இடையே உள்ள தூரத்தை நாடாவால் அளந்து, அவர் நடந்து வரும்போது வில்லையை அதற்கேற்பத் திருப்ப வேண்டும். ஓர் அங்குலம் பிசகினாலும் முகம் மங்கிவிடும். அதிலும் தேறினால் கேமராவை இயக்கலாம். எல்லாவற்றுக்கும் பிறகுதான் விளக்கு எங்கே என்று சொல்லும் உரிமை. நம் தோட்டத்தில் ஒருவர் பால்வெட்டிலிருந்து மண்டோர் ஆவதற்கு எத்தனை ஆண்டு பிடித்தது என்று எண்ணிப் பாருங்கள். ஏறக்குறைய அதே ஏணிதான்.

இந்த ஏணியில் ஏறிய உள்ளூர்க்காரர்களில் அபு பாக்கார் அலி ஒருவர். 1955-இல் பி. ரம்லி முதன்முதலாக இயக்கிய 'பெனாரேக் பேச்சா' படத்துக்கு ஒளிப்பதிவு அவர்தான். ரிக்‌ஷா ஓட்டும் ஏழை இளைஞனின் கதை. 1962-இல் வந்த 'இபு மெர்துவாகு'விலும் அவர் பெயரைக் காணலாம். அடுத்த முறை ரம்லி படம் ஓடும்போது, தொடக்கத்தில் வரும் பெயர்களைத் தாண்டிப் போகாமல் கொஞ்சம் நின்று படியுங்கள்.

1958-இல் ரம்லி இயக்கிய 'சும்பா ஓராங் மிஞ்ஞாக்' என்ற படம் மணிலாவில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் சிறந்த கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்கான பரிசைப் பெற்றது. உடம்பெல்லாம் கரிய எண்ணெய் பூசிய உருவம் இரவில் நடமாடும் கதை. ஒளிப்பதிவாளருக்கு இதைவிடச் சோதனை உண்டா! கறுப்பு உருவம், கறுப்பு இரவு, படமோ கறுப்பு வெள்ளை. நேராக விளக்கைப் போட்டால் பயம் போய்விடும்; போடாவிட்டால் ஒன்றுமே தெரியாது. எண்ணெயின் மினுக்கம்தான் துணை. பக்கவாட்டிலிருந்து வரும் வெளிச்சத்தில் தோளும் முதுகும் மட்டும் பளபளத்தால் போதும். மற்றதைப் பார்ப்பவரின் பயமே வரைந்துகொள்ளும். பெட்டி தூக்கிப் பழகிய கைகள் பத்துப் பதினொரு ஆண்டுகளில் அந்த இடத்துக்கு வந்துவிட்டன.

ஆனால் நேயர்களே, பரிசு வேறு, சம்பளம் வேறு. ஜாலான் அம்பாஸில் நடிகர்கள் உட்பட எல்லோரும் மாதச் சம்பளக்காரர்கள். குடியிருப்பும் நிறுவனம் கொடுத்ததுதான். கேட்கும்போது நம் லயத்து வீடு நினைவுக்கு வருகிறதல்லவா? 1954-இல் அவர்கள் 'பெர்சாமா' என்ற சங்கம் அமைத்தார்கள், தலைவர் ரம்லி. 1957-இல் ஊதிய உயர்வு கேட்டதும், சிலர் வேலையிலிருந்து நீக்கப்பட்டதும், வேலைநிறுத்தம் வந்ததும் நடந்தன. திரையில் அரசனாக நின்றவரும் அவர் முகத்துக்கு வெளிச்சம் போட்டவரும் ஒரே சங்கத்தில் சேர்ந்து நின்றார்கள்.

கிழக்குக் கரைச் சாலையில் 1953-இல் தொடங்கிய 'கேத்தே கெரிஸ்' இன்னொரு படமனை. இரண்டும் சேர்ந்து கால் நூற்றாண்டில் இருநூற்றைம்பதுக்கும் மேற்பட்ட மலாய்ப் படங்களை எடுத்தன. அப்புறம் ஏன் நின்றுபோயிற்று? 1963-இல் தொலைக்காட்சி வந்தது. அதே ஆண்டு இந்தோனீசியாவோடு பகைமை மூண்டு, அந்தப் பெரிய சந்தை அடைபட்டது. மக்கள் வண்ணப்படம் கேட்டார்கள். இங்கே பெரும்பாலும் கறுப்பு வெள்ளைதான். 1964-இல் ரம்லி கோலாலம்பூரை அடுத்த ஹுலு கெலாங்கிலிருந்த மெர்டேகா படமனைக்குப் போய்விட்டார். 1965-இல் நாடே இரண்டானது. 1967-இல் ஜாலான் அம்பாஸ் மூடப்பட்டது. 1972-இல் கேத்தே கெரிஸும் நின்றது. இந்தியாவிலிருந்து வந்த இயக்குநர்களில் பலர் அதற்கு முன்பே ஊர் திரும்பியிருந்தார்கள். எல். கிருஷ்ணன் இங்கேயே தங்கி, மலேசியாவில் படத்தொழிலை நடத்தி, டத்தோ பட்டமும் பெற்று, 2013-இல் காலமானார். மெர்டேகா படமனை இருந்த இடத்தில்தான் 1981-இல் அமைந்த ஃபினாஸ் என்னும் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம் இயங்குகிறது.

இருபது ஆண்டு. ஒரு மனிதன் பெட்டி தூக்கத் தொடங்கி, கைதேர்ந்து, குடும்பம் அமைத்து, பிள்ளைகள் பள்ளிக்குப் போகும் நேரத்தில் வாயில் கதவு சாத்தப்பட்டது. தோட்டம் துண்டாடப்பட்டபோது நம்மில் பலருக்கு நேர்ந்ததும் அதுதான்; ஆகையால் விளக்க வேண்டியதில்லை. ஒரு வித்தியாசம் உண்டு. கேமரா தெரிந்தவர் கோலாலம்பூருக்கும் போகலாம், தொலைக்காட்சி நிலையத்தின் கதவையும் தட்டலாம். கைத்திறனுக்கு அந்த அளவு இடம் இருந்தது.

பிறகு காலம் மாறியது. சுருள் போய் மின்னணுக் கேமரா வந்துவிட்டது. எடுத்ததை அப்போதே பார்த்துக்கொள்ளலாம். பெண்களுக்கு ஆகாத வேலை என்ற பேச்சையும், 1985-இல் 'சின்ன வீடு' படத்துக்கு ஒளிப்பதிவு செய்த பி. ஆர். விஜயலட்சுமி பொய்யாக்கிவிட்டார். நம் நாட்டிலேயே, தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பத்துச் சிறுவனைப் பற்றிச் சஞ்சய் குமார் பெருமாள் இயக்கிய தமிழ்ப் படம் 'ஜகாட்' 2015-இல் வந்தது. மறு ஆண்டு மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படம் என்ற விருதை வாங்கியது. நம் வீட்டு முகங்களை, நம் நிறத்திலேயே, பவுடர் அப்பாமல் அதில் பார்க்கலாம்.

ஊர் திரும்பியதும் அந்த அம்மாவைப் போய்ப் பார்த்தேன். நான் சொன்னது இதுதான்.

"வேலைதாம்மா அது. ஆனா மாசச் சம்பளம் அந்தக் காலத்தோட போச்சு. இப்போ ஒரு படம் எடுத்தா அத்தன நாளைக்குக் கூலி. அடுத்த படம் வர வரைக்கும் சும்மா இருக்கணும். முதலாளி சேமநிதி கட்டுவார்னு நெனைக்காதீங்க. இவனேதான் மாசாமாசம் போய்க் கட்டிக்கணும், அதுக்கு வழி இருக்கு."

"எத்தன மணிக்கு வேலை சார்?"

"விடியக் கருக்கல்ல எழுந்திரிக்கணும். முடியற நேரம் சொல்ல முடியாது."

"அது பழக்கந்தான். பணம் கட்டலாமா, வேணாமா?"

இப்போது கட்ட வேண்டாம் என்றேன். கோலாலம்பூரில் அஸ்வாரா என்னும் அரசாங்கக் கலைக்கழகத்தில் திரைப்படத் துறை இருக்கிறது. முதலில் அங்கே மனுப் போடட்டும். தனியார் கல்லூரி என்றால், அந்தப் படிப்புக்கு மலேசியத் தகுதி முகவையின் அங்கீகாரம் இருக்கிறதா, உயர்கல்விக் கடன் கிடைக்குமா என்று கேட்காமல் ஒரு வெள்ளி கூடக் கொடுக்கக் கூடாது. மாணவர் கையில் கேமராவை எத்தனை மணி நேரம் கொடுப்பார்கள் என்றும் கேட்க வேண்டும். சுவரில் மாட்டிய படங்களைக் காட்டிப் பேசுகிறவர்களிடம் இதை முக்கியமாகக் கேட்க வேண்டும். அதற்கு முன்பு ஆறு மாதம் ஏதாவது ஒரு படக்குழுவில் எடுபிடியாக நிற்கட்டும். விளக்குத் தூக்கித் தோள் வலித்த பிறகும் ஆசை இருந்தால், அது ஆசைதான்.

பையனுக்கு முகம் சுருங்கிவிட்டது. எடுத்த எடுப்பில் கல்லூரிக்குப் போகலாம் என்று இருந்தவன். என்னிடம் இரண்டு வாரம் பேசவில்லை. பிறகு அவனே ஜொகூர் பாருவில் ஒரு குழுவைத் தேடிப் பிடித்தான். விளம்பரப் படங்களும் கல்யாணப் படங்களும் எடுக்கிறவர்கள். மின்கம்பிகளைச் சுருட்டுவதும் விளக்குக் கால்களை நிறுத்துவதும் அவன் வேலை. போன மாதம் வீட்டுக்கு வந்தபோது, அடுப்படியில் உட்கார்ந்திருந்த பாட்டியைக் கைப்பேசியில் படம் எடுத்துக் காட்டினான். மின்விளக்கை அணைத்துவிட்டுப் பின்கதவைப் பாதி திறந்து வைத்து எடுத்திருக்கிறான். கிழவியின் கன்னச் சுருக்கம் ஒவ்வொன்றும் தெரிந்தது. "ஏன்டா கதவ முழுசா தொறக்கல?" என்று கேட்டேன். "முழுசா தொறந்தா மூஞ்சி தட்டையாயிடுது சார்" என்றான்.

அஸ்வாராவுக்கு மனுப் போட்டிருக்கிறான். நேர்முகத் தேர்வுக்கு இன்னும் அழைப்பு வரவில்லை. சேமநிதிப் பணம் வங்கியில் அப்படியே இருக்கிறது.